அரிய ஆங்கிலச் சொற்கள்: பொருள் வரையறையும் ஒலிப்புக் குறிப்பும் – ஒரு திறனாய்வு

முன்னுரை

மக்கள் நாவில் நாள்தோறும் புழங்கும் சொல்லுக்கு அகராதி ஒரு பதிவேடு. அகராதியைத் திறந்து பாராமலே அச்சொல்லின் பொருளையும் ஒலிப்பையும் மக்கள் அறிவர். அகராதி பிழைபட்டாலும் வழக்கு பிழைபடுவதில்லை. அரிய சொல்லின் நிலை வேறு. அதனைப் படிப்போர் அச்சில் மட்டுமே காண்கின்றனர். பிறர் சொல்லக் கேட்பதில்லை. தாம் சொல்லிப் பார்ப்பதுமில்லை. அத்தகைய சொல்லுக்கு அகராதி தரும் வரையறையே பொருளாகவும், அகராதி தரும் ஒலிப்பே ஒலிப்பாகவும் நிலைபெற்றுவிடுகின்றன. ஆகவே, அருஞ்சொல்லைப் பொறுத்தவரை அகராதி வழக்கைப் பதிவுசெய்வதோடு அமையாது, அதனை உருவாக்கவும் செய்கிறது. இப்பொறுப்பை ஆங்கில அகராதிக் கலை எவ்வாறு எதிர்கொண்டது என்பதையும், ஆங்கிலக் கலைச்சொற்களைத் தமிழில் விளக்கும் முயற்சிகள் அதிலிருந்து பெறத்தக்கவை யாவை என்பதையும் ஆராய்வது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

அருஞ்சொல் அகராதி மரபு

ஆங்கிலத்தின் முதல் ஒருமொழி அகராதி அருஞ்சொல் அகராதியாகவே தோன்றியது. இராபர்ட் காட்ரி 1604இல் வெளியிட்ட சிறுநூல் ஏறத்தாழ 2,500 கடுஞ்சொற்களை அகரவரிசையில் தொகுத்து, ஒவ்வொன்றுக்கும் ஓரிரு எளிய சொற்களைப் பொருளாகத் தந்தது. இலத்தீன், கிரேக்கம், பிரெஞ்சு ஆகிய மொழிகளிலிருந்து வந்த சொற்கள் ஆங்கில நூல்களில் பெருகியபோது அவற்றை அறியாதார்க்கு உதவுவதே அதன் குறிக்கோள். 1623இல் ஹென்றி காக்கரம் வெளியிட்ட அகராதி இதற்கு மேலும் ஒரு படி சென்றது. எளிய சொற்களுக்கு ஈடான ஆடம்பரச் சொற்களையும் ஒரு பகுதியில் தொகுத்தது. எளிய சொற்களும் அகராதியில் இடம்பெற வேண்டும் என்னும் எண்ணம் 18ஆம் நூற்றாண்டில்தான் வேரூன்றியது.

தமிழ் மரபிலும் இதற்கு இணையான வளர்ச்சி உண்டு. சிலப்பதிகாரத்திற்கு அடியார்க்குநல்லாருக்கு முன்பே அரும்பதவுரை தோன்றிவிட்டது. திவாகரம் முதலிய நிகண்டுகள் ஒருபொருட் பல்பெயரையும் பல்பொருள் ஒருசொல்லையும் தொகுத்தன. வீரமாமுனிவரின் சதுரகராதி (1732) அகரவரிசை முறையை நிலைநாட்டியது. ஆயினும் இரு மரபுகளுக்கும் இடையே ஓர் அடிப்படை வேறுபாடு உள்ளது. தமிழில் எழுத்தொலியின் பிறப்பை இலக்கணமே கூறியது. தொல்காப்பியப் பிறப்பியல் அதற்குச் சான்று. எழுத்தைக் கண்டால் ஒலி விளங்கும் என்னும் நம்பிக்கையால் அகராதி ஒலிப்பைக் கூற வேண்டிய தேவை எழவில்லை. ஆங்கிலத்திலோ எழுத்து ஒன்றாகவும் ஒலி வேறாகவும் அமைந்தமையால் அகராதியே ஒலிப்பைக் கூற வேண்டியதாயிற்று.

வரையறையின் வளர்ச்சி

சாமுவேல் ஜான்சன் 1755இல் வெளியிட்ட அகராதி, எழுத்தாளர்களின் நூல்களிலிருந்து ஏறத்தாழ 1,14,000 மேற்கோள்களைக் காட்டி, பொருளைச் சான்றின்மீது நிறுத்தியது. ஒரு சொல்லின் பல பொருள்களைப் பிரித்து எண்ணிட்டுக் காட்டும் முறை அவரால் வலுப்பெற்றது. எனினும் வரையறையின் இரு குறைபாடுகளுக்கும் அவ்வகராதியே எடுத்துக்காட்டாகிறது. ‘நெட்வொர்க்’ என்னும் எளிய சொல்லை, அதனினும் பன்மடங்கு கடினமான இலத்தீன் வழிச் சொற்களால் அவர் விளக்கினார். விளங்கிய பொருளை விளங்காததாக்கும் வரையறைக்கு இன்றுவரை அறிஞர் காட்டும் சான்று அது. குதிரையின் கணுக்கால் பகுதியைக் குறிக்கும் ‘பேஸ்டர்ன்’ என்னும் சொல்லுக்குக் ‘குதிரையின் முழங்கால்’ எனப் பொருள் தந்தார். காரணம் கேட்டபோது தமது அறியாமையே காரணம் என அவர் விடையிறுத்ததாக வரலாற்றாசிரியர் பாஸ்வெல் பதிவு செய்துள்ளார். முதலாவது விளக்க முறையின் குறை. இரண்டாவது பொருளறிவின் குறை. முதலாவதைப் படிப்போரே உணர்ந்துகொள்வர். இரண்டாவதை அத்துறை அறிந்தாரன்றிப் பிறர் உணரார். அருஞ்சொற்களில் நிகழும் பிழைகளுள் ஆபத்தானது இவ்விரண்டாம் வகையே.

1857இல் இலண்டன் மொழிநூல் கழகத்தில் ரிச்சர்ட் செனிவிக்ஸ் டிரென்ச், அகராதியாசிரியர் மொழியின் வரலாற்றாசிரியரேயன்றி அதனைத் திருத்தும் ஆசிரியரல்லர் என்னும் கருத்தை முன்வைத்தார். அக்கருத்தின் விளைவாக எழுந்ததே ஆக்ஸ்போர்டு ஆங்கில அகராதி. அதன் முதற்பகுதி 1884இலும் இறுதிப்பகுதி 1928இலும் வெளிவந்தன. 1879 முதல் பதிப்பாசிரியராக விளங்கிய ஜேம்ஸ் மர்ரே, ஒவ்வொரு பொருளுக்கும் ஆண்டு குறித்த மேற்கோள்களைத் தந்து, அரிய சொல்லும் பெருவழக்குச் சொல்லும் ஒரே சான்று நெறிக்கு உட்பட்டவை என நிறுவினார்.

ஒலிப்புக் குறிப்பின் வளர்ச்சி

பொருளைச் சான்றுடன் நிறுவிய ஜான்சன் ஒலிப்பில் அசையழுத்தத்தைக் குறிப்பதோடு நின்றுவிட்டார். தாமஸ் ஷெரிடன் (1780), ஜான் வாக்கர் (1791) ஆகியோரின் அகராதிகளே உயிரொலிகளின் தன்மையையும் எண்களால் குறித்துக் காட்டின. ஆனால் வாக்கரின் நோக்கம் பதிவு அன்று, திருத்தம். கற்றோர் எவ்வாறு ஒலிக்க வேண்டும் என அவர் விதித்தார். 1917இல் டேனியல் ஜோன்ஸ் வெளியிட்ட ஒலிப்பு அகராதி இந்நிலையை மாற்றியது. தென்னிங்கிலாந்தில் உறைவிடப் பள்ளிகளில் பயின்ற ஆடவர்தம் குடும்பங்களில் வழங்கும் ஒலிப்பையே தாம் பதிவு செய்வதாக அவர் எல்லை வகுத்துக் கூறினார். யாருடைய ஒலிப்பு என்னும் வினாவுக்கு விடை தந்தமையே அவ்வகராதியின் சிறப்பு எனலாம்.

எழுத்து ஒலியை மாற்றும் ஆற்றல் உடையது என்பதற்கு ஆங்கிலத்தில் சான்றுகள் பல. உணவுப்பொருளைக் குறிக்கும் ‘விட்டில்ஸ்’ என்னும் சொல் பழம் பிரெஞ்சிலிருந்து வந்தது. இலத்தீன் மூலத்தைக் காட்டும்பொருட்டு அதன் எழுத்தில் ‘சி’ பிற்காலத்தில் நுழைக்கப்பட்டது, ஒலிப்பு மாறவில்லை. பேச்சில் அச்சொல் உயிரோடு இருந்தமையே காரணம். நெற்றியைக் குறிக்கும் சொல்லோ முன்னர் ‘ஃபாரிட்’ என ஒலிக்கப்பட்டு, பின்னர் எழுத்தைப் பின்பற்றி ‘ஃபோர்ஹெட்’ எனப் பலராலும் ஒலிக்கப்படலாயிற்று. பேச்சு வழக்குள்ள சொல்லுக்கே இந்நிலை எனின், அச்சில் மட்டும் வாழும் சொல்லுக்கு எழுத்தை எதிர்த்து நிற்கும் வலிமை ஏது?

இவ்விடத்தில் ஆக்ஸ்போர்டு அகராதியின் ஒரு நெறி குறிப்பிடத்தக்கது. வழக்கிறந்த சொற்களுக்கு அது பொருளும் மேற்கோளும் தந்தது; ஒலிப்புத் தரவில்லை. கேட்டறியாத ஒலியைக் கூறாது விடுவது குறைபாடன்று. அது சான்று நெறியின் இன்றியமையாத விளைவாகும்.

பேய்ச்சொற்கள் உணர்த்தும் பாடம்

இந்நெறி வழுவினால் விளைவது யாது என்பதை அமெரிக்க அகராதி ஒன்றின் வரலாறு காட்டுகிறது. 1934இல் வெளிவந்த வெப்ஸ்டர் பேரகராதியின் இரண்டாம் பதிப்பில் ‘டோர்ட்’ என்னும் சொல் இடம்பெற்றது. இயற்பியலிலும் வேதியியலிலும் ‘அடர்த்தி’ என்பது அதன் பொருளாகத் தரப்பட்டது. உண்மையில் அப்படியொரு சொல் இல்லை. அடர்த்தி என்பதற்குப் பெரிய ‘டி’ எழுத்தோ சிறிய ‘டி’ எழுத்தோ சுருக்கக் குறியீடாக வரும் எனக் குறித்து 1931இல் எழுதப்பட்ட சீட்டு ஒன்று, ‘அல்லது’ எனப் பொருள்படும் ‘ஆர்’ என்னும் சொல்லையும் சேர்த்து ஒரே சொல்லாகப் படிக்கப்பட்டுவிட்டது. 1939இல்தான் பதிப்பாசிரியர் ஒருவர் அதற்குச் சொற்பிறப்பு இல்லாமையைக் கண்டு ஐயுற்றார், பிழை வெளிப்பட்டது.

இந்நிகழ்வில் பெரிதும் கருதத்தக்கது, அச்சொல்லுக்கு ஒலிப்பும் தரப்பட்டிருந்தமையாகும். எவர் வாயிலும் ஒருபோதும் பிறவாத சொல்லுக்கு ஒலிப்புக் குறிப்பு எங்கிருந்து வந்தது? எழுத்தைக் கண்டு ஒப்புமையால் ஊகித்ததேயன்றி வேறில்லை. மேற்கோள் இன்றேல் பொருள் இல்லை என்னும் நெறியும், கேட்டவர் இன்றேல் ஒலிப்பு இல்லை என்னும் நெறியும் ஒருங்கே கடைப்பிடிக்கப்பட்டிருந்தால் அச்சொல் அகராதிக்குள் நுழைந்திராது. இத்தகையவற்றுக்குப் ‘பேய்ச்சொல்’ எனப் பொருள்படும் பெயரை வால்ட்டர் ஸ்கீட் 1886இலேயே சூட்டியிருந்தார். அரசர்தம் தலையணி எனப் பல அகராதிகளில் வழிவழியாக எடுத்தெழுதப்பட்ட ‘அபகாட்’ என்பதும் அச்சுப்பிழையால் பிறந்த அத்தகைய சொல்லே. ஓர் அகராதியை மற்றோர் அகராதி சான்றாகக் கொள்ளுமிடத்துப் பிழையும் மரபாகிவிடுகிறது.

இலக்கணக் கலைச்சொற்கள்: நிகரனும் வரையறையும்

தமிழாய்வாளர் அடிக்கடி எடுத்தாளும் ஆங்கில அருஞ்சொற்கள் பெரும்பாலும் அணியியலையும் மொழியியலையும் சார்ந்தவை. ‘சினெக்டகி’ என்பதை நோக்கலாம். நான்கு அசைகளையுடைய இச்சொல்லில் இரண்டாம் அசை அழுத்தம் பெறும். எழுத்தை மட்டும் கண்டு ‘சினெக்டோச்’ என மூன்றசையாக ஒலிப்பது, அது கிரேக்கச் சொல் என்பதையும் இறுதி உயிர் ஒலிக்கப்படும் என்பதையும் அறியாமையால் நேர்வது. ‘ஹைபர்பலி’, ‘எபிடமி’, ‘சிங்கபி’ முதலியனவும் இவ்வினத்தைச் சார்ந்தவை. தனித்தனியே மனனம் செய்வதை விட இனமாகக் கண்டறிதல் எளிது. அகராதி அவ்வினத்தொடர்பைச் சுட்டுதல் பயனுடையது.

இச்சொல்லுக்கு ‘ஆகுபெயர்’ என நிகரன் தருவது வரையறை ஆகுமா? சினையைக் கூறி முதலையும், முதலைக் கூறிச் சினையையும், சிறப்பைக் கூறிப் பொதுவையும், பொதுவைக் கூறிச் சிறப்பையும் உணர்த்துவதே ‘சினெக்டகி’. ‘வெற்றிலை நட்டான்’ என்னும் சினையாகுபெயரும் ‘மல்லிகை சூடினாள்’ என்னும் முதலாகுபெயரும் இதனுள் அடங்கும். ஆனால் நன்னூல் கூறும் இடம், காலம், கருவி, கருத்தா முதலியவற்றால் அமையும் ஆகுபெயர்கள் இதனுள் அடங்கா. அவை ‘மெடானமி’ என்னும் பிறிதொரு சொல்லின் எல்லையைச் சார்ந்தவை. இரு ஆங்கிலச் சொற்களுக்கும் ‘ஆகுபெயர்’ என்றே நிகரன் தந்தால், ஆங்கிலத் திறனாய்வு காட்டும் வேறுபாடும் மறையும். ஆகுபெயரைப் பல வகையாகப் பகுத்த தமிழ் இலக்கணத்தின் நுட்பமும் மறையும். இழப்பு இருபுறத்தும் நேர்கிறது.

‘ஆஃபிசிஸ்’ என்னும் சொல் இதனினும் நுட்பமானது. இதனைப் படைத்தவர் அகராதியாசிரியர் மர்ரேயே. சொல்லின் முதலில் நிற்கும் அழுத்தம் பெறாத குற்றுயிர், காலப்போக்கில் எவரும் கருதாமலே மறைவதைக் குறிக்க 1880இல் இதனை அவர் முன்மொழிந்தார். ‘எஸ்குவயர்’ என்பது ‘ஸ்குவயர்’ ஆனமை இதற்கு எடுத்துக்காட்டு. முதலில் நிற்கும் எவ்வொலி கெடினும் அதனைக் குறிக்க ‘அஃபியரிசிஸ்’ என்னும் பழஞ்சொல் முன்பே இருந்தது. எழுத்தில் ஒத்த தோற்றமுடைய இவ்விரண்டையும் செவியில் பிரித்துக் காட்டுவது அழுத்தமே: முன்னதில் அது முதலசையிலும், பின்னதில் இரண்டாம் அசையிலும் அமையும்.

இவ்விரண்டிற்கும் ‘முதற்குறை’ என்பது எளிதில் தோன்றும் நிகரன். ஆயினும் நன்னூல் நெறிப்படி முதற்குறை என்பது செய்யுள் விகாரம். ‘தாமரை’ என்பது செய்யுளில் ‘மரை’ என நிற்பது புலவன் ஓசை நோக்கிச் செய்துகொள்வது. வழக்கில் அச்சொல் குறைவதில்லை. மர்ரே குறித்ததோ வழக்கில் தானே நிகழும் வரலாற்று மாற்றம். ‘இரண்டு’ என்பது பேச்சில் ‘ரெண்டு’ என வழங்குவது அதற்கு ஓரளவு பொருந்தும், ‘மரை’ பொருந்தாது. ‘யாறு’ என்பது ‘ஆறு’ என வழங்குவதும் வரலாற்று மாற்றமே. ஆனால் அங்குக் கெட்டது மெய். ஆதலின் அது ‘ஆஃபிசிஸ்’ ஆகாது. நிகரனை நம்பி இம்மூன்றையும் ஒரே வகையாகக் கொள்ளும் ஆய்வு, செய்யுள் நெறியையும் மொழி வரலாற்றையும் மயக்கிவிடும். அருஞ்சொல்லின் வரையறைக் குறைபாடு இவ்வாறு ஆய்வு முடிவின் குறைபாடாகவே மாறுகிறது.

தமிழிலிருந்து சென்ற சொற்கள்

தமிழ் மூலமுடைய ஆங்கிலச் சொற்களில் வேறொரு மயக்கம் நேர்கிறது. மூலச்சொல் தமிழர்க்குத் தெரிந்ததாகலின், அதன் பொருளையே ஆங்கிலச் சொல்லின் பொருளாகக் கொள்ளும் நிலை அது. 1886இல் ஹென்றி யூல், ஏ. சி. பர்னல் ஆகியோரின் உழைப்பால் வெளிவந்த ‘ஹாப்சன்-ஜாப்சன்’ இத்தகைய சொற்களின் கருவூலம். முகரம் ஊர்வலத்தில் எழும் ‘யா ஹசன், யா ஹுசைன்’ என்னும் ஒலியை ஆங்கிலேயர் தம் பெயர்களைப் போலத் திரித்துக் கேட்டதே அந்நூலின் தலைப்பு. அயற்சொல்லைத் தம் மொழியின் பழகிய ஒலிகளுக்குள் அடக்கிக்கொள்ளும் இயல்பை அத்தலைப்பே உணர்த்திவிடுகிறது.

‘மலிகடோனி’ என்னும் சொல்லின் மூலம் ‘மிளகுத்தண்ணீர்’. ஆங்கிலத்தில் அதன் ஈற்றயல் அசை அழுத்தம் பெறுகிறது. இறுதிப் பகுதி பழுப்பு மஞ்சள் நிறத்தைக் குறிக்கும் ஆங்கிலச் சொல்லின் எழுத்தமைப்பைப் பெற்றுவிட்டது. பொருளும் அவ்வாறே மாறியது. மசாலையும் பெரும்பாலும் இறைச்சியும் சேர்ந்த குழம்பு வகைச் சாறே ஆங்கிலத்தில் அதன் பொருள். அதனைத் தமிழில் ‘மிளகுத்தண்ணீர்’ என்றோ ‘இரசம்’ என்றோ பெயர்ப்பது சொற்பிறப்பைப் பொருளாகக் கொள்ளும் பிழையாகும்.

17ஆம் நூற்றாண்டிலேயே ஆங்கிலத்தில் இடம்பெற்ற ‘கட்டுமரம்’ இன்று அங்கு இரட்டை உடல் கொண்ட படகைக் குறிக்கிறது. இடையே, 1804இல் பிரெஞ்சுக் கப்பல்களைத் தாக்கப் பயன்பட்ட வெடிமிதவையையும், பின்னர்ச் சண்டைக்காரப் பெண்ணையும் குறித்தது. ஆங்கில வடிவின் முதற்பகுதி பூனையைக் குறிக்கும் சொல்லோடு ஒத்தொலிப்பதே இறுதிப் பொருளுக்குத் தூண்டுதல் எனக் கருதப்படுகிறது. ஒலிப்பின் திரிபு பொருளின் திரிபுக்கு வழிவகுத்தமைக்கு இது தக்க சான்று.

இவ்வகையில் மிகுந்த கவனத்திற்குரியது ‘பரையா’ என்னும் ஆங்கிலச் சொல். பறையர் என்னும் மக்கட்பெயரிலிருந்து பிறந்த இது, ஆங்கிலத்தில் சமூகத்தாலோ நாடுகளாலோ ஒதுக்கப்பட்ட எவரையும் எதனையும் குறிக்கும் பொதுச்சொல்லாயிற்று. முதலசை அழுத்தம், இரண்டாம் அசை அழுத்தம் ஆகிய இரு ஒலிப்புகளும் அகராதிகளில் பதிவாகியுள்ளன. இன்று பின்னதே பெருவழக்கு. ‘மெசையா’ முதலிய சொற்களின் எழுத்தமைப்பை ஒத்திருப்பது இதற்குத் துணைசெய்திருக்கலாம். ஒலிப்பு மூலத்தினின்று விலக விலக, அது ஒரு மக்களின் பெயர் என்னும் நினைவும் ஆங்கிலம் பேசுவோரிடத்து மறைகிறது. தமிழ் அறிந்தார்க்கு அந்நினைவு மறைவதில்லை. ஆகவே இச்சொல்லைத் தமிழில் விளக்குவோர் ‘ஒதுக்கப்பட்டவர்’ என்னும் பொதுப்பொருளைத் தருவதோடு, அப்பொருள் ஒரு மக்கட்பெயரை இழிவுபடுத்திப் பிறந்தது என்பதையும் வழக்குக் குறிப்பாகத் தருதல் கடமையாகும். வரையறை என்பது நடுநிலைப் பதிவு. நடுநிலை என்பது வரலாற்றை மறைப்பதன்று.

தமிழ் வரிவடிவும் ஒலிப்புக் குறிப்பும்

அசையழுத்தம் தமிழில் பொருளை வேறுபடுத்துவதில்லை. ஆதலின் அதற்கு வரிவடிவமும் இல்லை. ஒலிப்பிலா வல்லெழுத்தையும் ஒலிப்புடை வல்லெழுத்தையும் தமிழ் ஒரே எழுத்தால் குறிக்கிறது. தமிழ்ச் சொற்களில் இடம்நோக்கி ஒலி அமைதலின் இது இடர் தருவதில்லை. கடன்சொற்களில் இடர் எழுகிறது. விளையாடும் ‘பந்து’, உறவினரைக் குறிக்கும் ‘பந்து’ ஆகிய இரண்டும் எழுத்தால் ஒன்று, முதலொலியால் வேறு. சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ்ப் பேரகராதி (1924–1936) தலைச்சொல்தோறும் உரோமன் எழுத்துப்பெயர்ப்பைத் தந்தது. ஆனால் அது ஓர் எழுத்துக்கு ஒரு குறி என்னும் முறையில் அமைந்ததாகலின், இவ்விரண்டையும் ஒரே வடிவில்தான் காட்ட இயலும். வடமொழி மூலம் காட்டப்பட்டிருப்பதைக் கொண்டே ஒலிப்பை ஊகித்தறிய வேண்டும். எழுத்துப்பெயர்ப்பு வேறு, ஒலிப்புக் குறிப்பு வேறு என்பது இதனால் தெளிவாகும்.

அ. சிதம்பரநாதன் செட்டியாரைத் தலைமைப் பதிப்பாசிரியராகக் கொண்டு சென்னைப் பல்கலைக்கழகம் 1960களில் வெளியிட்ட ஆங்கிலம்–தமிழ்ச் சொற்களஞ்சியம், ஆங்கிலச் சொற்பரப்பைத் தமிழில் கூற இயலும் என்பதை மெய்ப்பித்த பெரும்பணி. அப்பணியின் தொடர்ச்சியாக இனி எழும் துறைசார் அகராதிகள் நிகரன்களின் எண்ணிக்கையைப் பெருக்குவதை விட, எல்லை வரையறுத்த விளக்கங்களைத் தருவதிலேயே சிறக்க இயலும்.

முடிவுரை

மேற்கண்ட ஆய்வால் பெறப்படுவன வருமாறு:

1. அருஞ்சொல்லுக்கு நிகரன் மட்டும் போதாது. நிகரனாக அமையும் தமிழ்ச்சொல் எவ்வளவு பொருந்துகிறது, எவ்விடத்தில் பொருந்தாது என்பதை வரையறை கூற வேண்டும்.

2. ஒலிப்புக் குறிப்பு அசையெண்ணிக்கையையும் அழுத்தம் பெறும் அசையையும் காட்ட வேண்டும். தமிழ் எழுத்தில் அழுத்தக் குறி இன்மையால், பன்னாட்டு ஒலியெழுத்தோடு ‘இரண்டாம் அசையில் அழுத்தம்’ என்றாற்போன்ற சொற்குறிப்பையும் தருதல் நன்று.

3. வழக்குச் சான்றில்லாப் பொருளையும் கேள்விச் சான்றில்லா ஒலிப்பையும் தாராது விடுதல் அகராதியின் நேர்மையாகும்.

4. தமிழ் மூலமுடைய ஆங்கிலச் சொற்களில் சொற்பிறப்பும் இன்றைய பொருளும் தனித்தனியே பதிவு செய்யப்பட வேண்டும்.

பெருவழக்குச் சொல்லில் நேரும் பிழையை மக்கள் வழக்கே திருத்திவிடும். அருஞ்சொல்லில் நேரும் பிழையைத் திருத்த அகராதியையன்றி வேறு துணையில்லை. படிப்பவர் எதிர்த்துக் கேட்க இயலாத இடத்தில்தான் அகராதியாசிரியர் தம்மைத் தாமே மிகுதியும் எதிர்த்துக் கேட்டுக்கொள்ள வேண்டும்.